பச்சை மாறாத பிரண்டைத் துவையல்

தெரியாததைத் தெரியாது என்று சொல்ல எனக்கு நாக்கு வராது. இதனால் என் நாக்கு மட்டும் அவதிப்பட்டிருந்தால் ஊருக்குச் சொல்ல வேண்டியதில்லை. ஒரு பந்தியே அவதிப்பட்டது. அதுவும் என் அப்பாவின் கருமாதிப் பந்தி.

எழுபத்தொன்பதாம் வருஷம். முதலியார்பேட்டையில் எங்கள் வீடு. அப்பா மில்லில் தறி ஓட்டியவர். நாளெல்லாம் நின்று நின்று முட்டி தேய்ந்து, ஞாயிறு தவறாமல் பிரண்டைத் துவையல் சாப்பிடுவார். வேலியில் படரும் அந்த நாற்பட்டைக் கொடியை அவரே அறுத்து வந்து, நார் உரித்து, வதக்கி, அம்மியில் அரைப்பார். சாப்பிட்டதும், "முட்டிக்கு எண்ணெ போட்டாச்சு" என்று எழுந்து இரண்டு நடை நடப்பார். அந்நேரம் நான் கூடத்தில் பேப்பர் படித்துக்கொண்டிருப்பேன். ("பத்து வருஷமா பக்கத்துலயே இருந்து பார்த்தவன்" என்று பின்னால் மார்தட்டிக்கொண்டது இந்தத் தகுதியில்தான்.)

கருமாதிக்கு, போனவருக்குப் பிடித்ததையெல்லாம் சமைத்துப் படத்தின் முன்னால் படைக்க வேண்டும். அப்பாவின் அக்கா, என் பெரிய அத்தை, அடுப்படியில் நின்று கேட்டாள்: "பிரண்டைய யாரு பாக்கறது? எனக்குக் கை ஒழியல."

"நான் செய்றேன் அத்த."

"நீயா? வெந்நி வெக்கத் தெரியுமாடா ஒனக்கு?"

"பத்து வருஷமா பக்கத்துலயே இருந்து பார்த்தவன். எல்லாம் தெரியும். நீ போ அத்த."

அன்றைக்கு வேறொரு கவலையும் வீட்டில் இருந்தது. சித்தப்பா. ஒரு காலத்தில் பக்கத்து வீட்டில்தான் இருந்தார். எங்கள் முருங்கைமரத்திலிருந்து கம்பளிப்பூச்சி அவர் வீட்டில் விழுகிறது என்று, அப்பா மில்லுக்குப் போயிருந்த நேரம் மரத்தை வெட்டிச் சாய்த்துவிட்டார். அதோடு அண்ணன் தம்பி பேச்சு நின்றது. அவர் தட்டாஞ்சாவடிக்குக் குடிபோய், ஆறு வருஷம் எங்கள் வாசலை மிதிக்கவில்லை. அப்பாவை எடுத்த அன்றுகூடத் தூரத்தில் நின்று பார்த்துவிட்டுப் போய்விட்டார். பதினாறு நாளும் மூலையில் முடங்கிக் கிடந்த அம்மா, காலையில் என்னைக் கூப்பிட்டுச் சொன்னாள்: "சித்தப்பா இன்னிக்கு வருவாரு. ஒரு வாய் சாப்புட்டுப் போவட்டும்டா. சாப்புடாம போயிட்டாருன்னா, இதோட ஒறவு அத்துப்போச்சு."

நான் ரெட்டியார்பாளையம் வரை சைக்கிளில் போய், ஒரு வேலியில் கிடந்ததிலேயே நல்ல தடித்த தண்டாகப் பார்த்து அறுத்து வந்தேன். (கொழுந்துதான் எடுக்க வேண்டுமாம். பேப்பரில் போடவில்லை.) நறுக்கும்போதே கை அரித்தது. துக்கத்தில் உடம்பு என்னென்னவோ செய்யும் என்று சமாதானம் சொல்லிக்கொண்டேன். வாணலியில் போட்டால் பச்சை நிறம் மங்க ஆரம்பித்தது. அப்பாவின் இலைக்கு மங்கிப்போனதை வைப்பதா? இரண்டே புரட்டில் இறக்கிவிட்டேன். புளி வைத்தால் கறுத்துவிடும் என்று அதையும் தள்ளினேன்.

அத்தை எட்டிப் பார்த்தாள். "இன்னாடா, இம்மாம் பச்சையா இருக்குது?"

"அப்பா கைப்பக்குவம் அத்த."

"ஒரு துளி நாக்குல வெச்சுப் பாக்கலாம்னா, படைக்கறதுக்கு முன்ன எச்சி படக் கூடாதே" என்று முணுமுணுத்துக்கொண்டே போனாள்.

அந்த ஒரு வழக்கம் மட்டும் இல்லாதிருந்தால் இந்தக் கட்டுரையே இல்லை.

படைத்தோம். கற்பூரம் எரிந்து அடங்கியது. முதல் பந்தியில் சித்தப்பா உட்கார்ந்தார். அவருக்குப் பக்கத்தில், பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்து பென்ஷனோடு வந்த எதிர்வீட்டு சொல்தா தாத்தா. (சொல்தா என்றால் பிரெஞ்சில் சிப்பாய்.) நான்தான் துவையல் பரிமாறினேன். சித்தப்பா அதையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, வேறெதையும் தொடாமல், அதைத்தான் முதலில் சோற்றில் பிசைந்து வாயில் வைத்தார். கதவோரம் தன் மூலையிலேயே கிடந்த அம்மா கண்ணை மூடிக்கொண்டாள்.

முதலில் சொல்தா தாத்தா கனைத்தார். அடுத்து பெரிய மாமா. அப்புறம் வரிசை முழுக்க, தொண்டைக்குள் யாரோ சாக்குப்பையைப் போட்டுத் தேய்க்கிற மாதிரி ஒரு சத்தம். (வதக்குவதும் புளி வைப்பதும் பிரண்டையின் அரிப்பை எடுக்கத்தானாம்.) ஆம்பிளைகள் குமுறிக் குமுறி அழுகிறார்கள் என்று நினைத்து, வாசலில் இருந்த பெண்கள் ஓய்ந்திருந்த ஒப்பாரியை மறுபடி எடுத்தார்கள்.

"மொன் தியே! கடவுளே!" என்றார் தாத்தா, கண்ணில் நீர் வழிய. "சைகோன் காட்டுல பாம்பத் தின்னேன்டா, இப்பிடி ஆவல!"

சித்தப்பா பாதி எழுந்துவிட்டார். எனக்கு உயிர் தொண்டைக்கு வந்தது. (துவையல் சாப்பிடாத தொண்டை, வழி இருந்தது.) அவ்வளவுதான், உறவு முடிந்தது, முடித்தவன் நான் என்று நின்றேன்.

சித்தப்பா கதவுப் பக்கம் திரும்பினார். ஆறு வருஷம் கழித்து அம்மாவிடம் அவர் பேசிய முதல் பேச்சு இது:

"அண்ணீ... மோரு."

பதினாறு நாள் எழாத அம்மா எழுந்தாள். சொம்போடு ஓடி வந்தாள். "குடிங்க தம்பி, மெதுவா, மெதுவா." அண்ணாந்து மொத்தத்தையும் குடித்தார். தொண்டையைத் தடவிக்கொண்டே கேட்டார்: "எவன்டா அரைச்சது?"

"நான்தான் சித்தப்பா."

"நீயா?" என்றவர் அப்பாவின் படத்தைப் பார்த்தார். "நான் அவருன்னு இல்ல நெனச்சேன். ஒரு முருங்கைய வெட்டினதுக்கு, செத்தும் விடாம பிரண்டையால அடிச்சிட்டாரேன்னு..." சிரிக்கத்தான் ஆரம்பித்தார். சிரிப்பு பாதியில் வேறாகிவிட்டது. "அண்ணே" என்று ஒரே ஒரு தடவை சொன்னார். அப்புறம் அதே இலையில் மறுபடி உட்கார்ந்து, துவையலை மட்டும் ஓரமாக ஒதுக்கிவிட்டு, மோர் சாதம் வரைக்கும் சாப்பிட்டார்.

அதிலிருந்து வருஷா வருஷம் அப்பா திதிக்கு வந்தார். பந்தியில் உட்காரும் முன் என் வாயில் ஒரு உருண்டை துவையலைத் திணித்து, "எங்க, ஒம் பேரச் சொல்லு" என்பார். என் பேர் கனைப்பில்லாமல் வெளியே வந்தால்தான் அவர் இலையில் கை வைப்பார்.

போன மாசம் அவருக்கும் கருமாதி. முந்தின நாளே சித்தப்பா மகன் வந்துவிட்டான். "அண்ணே, அப்பா சொல்லிட்டுப் போயிருக்காரு. அவரு படையலுக்கு நீதான் பிரண்டை அரைக்கணுமாம். பந்தியில ஒருத்தன் பாக்கி இல்லாம கண்ணுல தண்ணி வரணுமாம்."

எனக்கு இப்போது வயது ஆகிவிட்டது, புத்தியும் வந்துவிட்டது. கொழுந்தாகக் கிள்ளி, நல்லெண்ணெயில் நிறம் மாறும்வரை வதக்கி, புளி வைத்துப் பதமாக அரைத்தேன். அருமையாக இருந்தது. பந்தியில் ஒருத்தர் கனைக்கவில்லை.

சித்தப்பா மகன் இரண்டு வாய் சாப்பிட்டு, கொஞ்ச நேரம் காத்திருந்து பார்த்தான். முகம் வாடிவிட்டது.

"இன்னா அண்ணே, அரிக்கவே இல்ல? கடைசி ஆசையிலயா ஏமாத்துவ?"