தெருவில் விழப்போகும் நேற்று

தொப்பிக்காரர் தன் வீட்டுக் கதவுக்குச் சிவப்பு அடித்துக்கொண்டிருந்தபோது இரண்டு சூரியன்களில் சின்னது மட்டும்தான் எழுந்திருந்தது. அந்த வெளிச்சத்தில் எந்த நிறமும் சரியாகத் தெரியாது. அதனால்தான் அந்த நேரத்தைத் தேர்ந்தெடுத்திருந்தார்.

"ஏங்க, காலங்காத்தால என்ன இது?" மனைவி எட்டிப் பார்த்தாள்.

"மெதுவாப் பேசு. கிணறு வாயத் திறந்துடுச்சு."

ஊர் நடுவில் இருந்த கிணறு எப்போதாவதுதான் பேசும். பேசியது நடக்காமல் போனதில்லை. தண்ணீர் எடுக்கப் போனவர்கள் காதில் விழும்படி அன்று அது சொல்லியிருந்தது: "பச்சைக் கதவுக்காரன் நூலை இழுப்பான். காலம் பிரியும். நேற்று தெருவில் விழும்."

நேற்று எப்படித் தெருவில் விழும் என்று யாருக்கும் விளங்கவில்லை. ஆனால் ஊரில் பச்சைக் கதவு ஒன்றே ஒன்றுதான். அதன் பின்னால் குடியிருப்பவர் தொப்பி தைக்க நாள் முழுக்க ஊசியும் நூலுமாகப் புழங்குகிறவர்.

"ஊதா அடிங்கன்னு அன்னிக்கே தலபாடா அடிச்சுக்கிட்டேன்," என்றாள் மனைவி.

பெரிய சூரியன் எழுந்ததும் குட்டு வெளிப்பட்டது. பச்சை மேல் பட்ட சிவப்பு, சேறு பூசியதுபோலத் திட்டுத் திட்டாக நின்றது. தெரு கூடிவிட்டது.

"என்னமோ செய்யப்போறாரு. அதான் மறைக்கிறாரு," என்றார் எதிர்வீட்டு ரொட்டிக்காரர்.

வீட்டிலிருந்த நூல்கண்டு அத்தனையையும் தொப்பிக்காரர் கூடையோடு அவரிடமே கொடுத்தார். ரொட்டிக்காரர் ஏதோ பாம்புக்குட்டியைக் கொடுத்ததுபோலப் பின்வாங்கினார். கூடை தெருவில் உருண்டது. கண்டுகள் ஆளுக்கொரு திசையில் ஓடின. ஜனங்கள் அதைவிட வேகமாக ஓடினார்கள்.

அப்போதுதான் மைத்துனன் வந்து சேர்ந்தான். தச்சன். எல்லாவற்றுக்கும் ஒரு யோசனை வைத்திருப்பவன்.

"கதவு இருந்தாத்தானே மாமா நீங்க கதவுக்காரரு? கழட்டி ஆத்துல விட்டுருவோம்."

யோசனை பிடித்திருந்தது. கழற்றினார்கள், ஆளுக்கொரு முனையாகத் தலையில் ஏற்றினார்கள். உள்பக்கத்துக்குச் சிவப்பு அடிக்க அவருக்கு நேரம் இருந்திருக்கவில்லை. அந்தப் பக்கம்தான் மேலே இருந்தது. இதுவரை பச்சைக் கதவு வைத்த வீட்டில் சும்மா இருந்தவர், இப்போது பச்சைக் கதவைச் சுமந்துகொண்டு ஊர்வலம் போனார். மாடி ஜன்னல்களில் இருந்தவர்கள் அலறினார்கள். கடைகள் சாத்தப்பட்டன. ஒரு அம்மாள் கொடியில் காய்ந்த துணிகளை வாரிக்கொண்டு உள்ளே ஓடினாள்.

பாலத்தில் காவல்காரர் மறித்தார். "நூல் ஏதாச்சும் வெச்சிருக்கீங்களா?"

"ஒண்ணும் இல்லீங்க."

"சட்டைக் கையில தொங்குதே, அது என்ன?"

மூவரும் பார்த்தார்கள். தையல் விட்டு ஓர் இழை காற்றில் ஆடிக்கொண்டிருந்தது.

"மாமா, தொடாதீங்க!"

"தொடலடா. ஆனா கை துறுதுறுங்குது. தொழில் புத்தி."

கதவைப் பாலத்துச் சுவரில் சாய்த்துவிட்டு மைத்துனன் அவர் கைகள் இரண்டையும் சேர்த்துக் கட்டினான். காவல்காரர் தலையாட்டி ஆமோதித்தார். தொப்பிக்காரருக்கும் நிம்மதியாக இருந்தது, கொஞ்ச நேரம்.

"எதால கட்டினடா?"

"பையில சணல் கெடந்துச்சு."

"சணல்னா நூலா, கயிறா?"

மைத்துனன் யோசித்தான். காவல்காரர் குனிந்து உற்றுப் பார்த்தார். "மெல்லிசா இருந்தா நூல். மொத்தமா இருந்தா கயிறு."

"இது?"

"நடுவாந்தரம்," என்றார் காவல்காரர்.

அவிழ்க்கலாமா கூடாதா என்று மூவரும் விவாதித்துக்கொண்டிருந்தபோது காற்று ஒரு தள்ளுத் தள்ளியது. சாய்த்திருந்த கதவு தொப்பிக்காரரை நோக்கிச் சரிந்தது. அவர் யோசிக்கவில்லை. தடுப்பதற்காக வெடுக்கென்று கைகளை இழுத்தார்.

சணல் அறுந்தது. பழைய துணி கிழிவதுபோல ஒரு சத்தம் கேட்டது.

கண்ணை இறுக மூடி நின்றார். பிறகு ஒரு கண்ணை மட்டும் திறந்தார். ஆறு ஓடிக்கொண்டிருந்தது. பாலம் நின்ற இடத்தில் நின்றது. மைத்துனனையும் காவல்காரரையும்தான் காணவில்லை. பயந்தாங்கொள்ளிகள், ஓடிவிட்டார்கள் என்று நினைத்துக்கொண்டார். கதவும் இல்லை. ஆற்றில் விழுந்திருக்கும்.

"ஒண்ணுமே ஆகல," என்று சத்தமாகச் சொல்லிப் பார்த்தார். கேட்க நன்றாக இருந்தது. திரும்பும் வழியில் யாரும் அவரைக் கண்டு ஓடவில்லை. ரொட்டிக்காரர் கூட ஒருமுறை ஏறிட்டுப் பார்த்துவிட்டுக் கொட்டாவி விட்டார்.

வீட்டில் புதுக் கதவு மாட்டியிருந்தது. ஊதா நிறம். தொட்டுப் பார்த்தார், காய்ந்திருந்தது. மைத்துனனின் சுறுசுறுப்பை முதல்முறையாக மெச்சியபடி உள்ளே போனார்.

அவருடைய நாற்காலியில் அவரே உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

"ஐயோ! பலிச்சுடுச்சு!" தொப்பிக்காரர் அலறினார். "நேத்துலேருந்து பிரிஞ்சு விழுந்தவன்டி இவன்! இவனுக்குப் போயி சோறு போடுறியே! நான்தான்டி உன் புருஷன்! எழுப்பி வெளிய தள்ளு!"

நாற்காலியில் இருந்தவர் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. கொஞ்சம் நகர்ந்து இடம் விட்டார். மனைவி இன்னொரு தட்டை எடுத்து வைத்தாள்.

"கத்தாம கை கழுவிட்டு வாங்க," என்றாள்.

அவர் மறுபடி வாயைத் திறப்பதற்குள், பால் ஊற்ற வந்த பக்கத்துத் தெரு அம்மாள் வாசலில் நின்று அவரை மேலும் கீழும் பார்த்தாள்.

"உங்க வீட்டு நேத்து இப்பத்தான் வந்து விழுந்தாராக்கும்? எங்க வீட்டுல காலையிலேயே விழுந்தாச்சு அக்கா. இப்ப எனக்கு ரெண்டு மாமியாரு."