தேன்பருந்து விஷயமாகத் தங்கள் தங்கை மீது எனக்குள்ள சந்தேகங்கள்

மோந்தெ பெல்வியானோ,
மே 19

மதிப்பிற்குரிய மைத்துனர் ஃபோர்த்துனாத்தோ அவர்களுக்கு,

தங்கள் தங்கையின் கணவன் கொன்சோலாத்தோ கூத்ரூப்பி வணக்கத்துடன் எழுதிக்கொள்வது. நான் நலம். முழங்கால் நலமில்லை, ஆனால் அதைப் பற்றி எழுத இந்தத் தாள் போதாது. தூரினில் தாங்களும், ரோசால்பா அம்மையாரும், பிள்ளைகளும், தங்கள் பித்தப்பைக் கல்லைத் தவிர மற்ற அனைவரும் சௌக்கியமாக இருக்கும்படி மாதாவை வேண்டுகிறேன்.

போனில் சொல்லாமல் கடிதம் எழுதுவதற்குக் காரணம் இருக்கிறது. எங்கள் வீட்டு போன் சமையலறையில் இருக்கிறது, சமையலறையில் அனுன்சியாத்தா இருக்கிறாள், விஷயமோ அனுன்சியாத்தாவைப் பற்றியது. செல்போனில் பேசலாமே என்பீர்கள். எங்கள் மலைச்சரிவில் செல்போனில் பேசினால் கத்த வேண்டும், கத்தினால் ஊருக்கே தெரியும், ஊருக்கு ஏற்கெனவே போதுமான அளவு தெரிந்திருக்கிறது.

தாங்கள் ஊரை விட்டுப் போய் நாற்பது வருஷம் ஆயிற்று, கார் செய்கிற ஊரில் இதையெல்லாம் மறந்திருப்பீர்கள், அதனால் ஞாபகப்படுத்துகிறேன். வசந்தத்தில் ஆப்பிரிக்காவிலிருந்து கடல் தாண்டி நம் தலைக்கு மேல் போகிற தேன்பருந்துகளில் ஒன்றையாவது சுட்டு வீழ்த்தாத கணவனுக்கு அந்த வருஷம் தலையில் கொம்பு முளைக்கும், அதாவது அவன் மனைவி வேறொருவனைப் பார்க்கத் தொடங்கிவிடுவாள் என்பது நம் ஜலசந்திக் கரை ஆண்கள் அத்தனை பேரும் அறிந்ததே. தங்கள் அப்பா ஒரே வசந்தத்தில் ஏழு சுட்டார். ஏன் ஏழு என்று நான் கேட்டதில்லை. நானும் கல்யாணமான முதல் வருஷத்திலிருந்து இருபத்தெட்டு வருஷம், வருஷத்துக்கு ஒன்று வீதம் தவறாமல் சுட்டேன். பிறகு வனக்காவலர்கள் வந்து, சட்டம் தெரியுமா என்று கேட்டு, என் துப்பாக்கியை எடுத்துக்கொண்டு போனார்கள். அதற்குப் பிறகு பதினாறு வசந்தம் வெறும் கையோடு போயின. ஒன்றும் நடக்கவில்லை. அதாவது ஒன்றும் நடக்கவில்லை என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

இந்த வருஷம் ஏப்ரல் பத்தாம் தேதி தொடங்கியது. காலை ஏழு மணிக்கு அனுன்சியாத்தா எழுந்தாள், நல்ல காலணியைப் போட்டாள், முட்டைப் பொரியலை ரொட்டிக்குள் வைத்து இரண்டு பொட்டலம் கட்டினாள், கவனியுங்கள், இரண்டு, கோவிலுக்குப் போகிறேன் என்று சொல்லிவிட்டுக் கிளம்பினாள். திரும்பி வந்தது மாலை நாலு மணிக்கு. மறுநாளும் அப்படியே. முப்பத்துநாலு வருஷம் படகில் எஞ்சின் பார்த்தவன் நான், வில்லா துறைமுகத்துக்கும் எதிர்க்கரை மெசினாவுக்கும் இடையில் எத்தனை ஆயிரம் தடவை போய் வந்தேன் என்று எனக்கே தெரியாது, எஞ்சினில் ஒரு சின்னச் சத்தம் மாறினால் தூக்கத்தில்கூடக் கண்டுபிடிப்பேன். வீட்டில் சத்தம் மாறியிருந்தது. அவள் பாடிக்கொண்டே பாத்திரம் கழுவினாள். நாற்பத்துநாலு வருஷத்தில் அவள் பாத்திரம் கழுவும்போது பாடியதில்லை, என்னைத் திட்டித்தான் கழுவியிருக்கிறாள். சாமியார் தோன் பாஸ்குவாலேயைக் கடைத்தெருவில் பிடித்து, "அனுன்சியாத்தா ஜெபமாலைக்கு ஒழுங்கா வர்றாளா ஃபாதர்?" என்று சும்மா கேட்பது போலக் கேட்டேன். "ஈஸ்டருக்குப் பார்த்தது. உடம்பு எதாவது சரியில்லையா?" என்றார். உடம்பு எனக்குத்தான் சரியில்லாமல் போயிற்று.

அதற்கு மேல் அவள் முகத்தில் இரண்டு கண்ணைச் சுற்றியும் வட்டமாகத் தடம் விழ ஆரம்பித்தது. எதையோ அழுத்திக்கொண்டது போல. கேட்டால் "வெயில்" என்றாள். வெயில் வட்டமாகவா அடிக்கும்? மே பதினாலாம் தேதி அவள் குளிக்கப் போன நேரத்தில் அவள் கைப்பையைத் திறந்தேன், தப்புதான், ஒப்புக்கொள்கிறேன். உள்ளே ஒரு நோட்டுப் புத்தகம். அவள் கையெழுத்து. அப்படியே எழுதுகிறேன், தாங்களே தீர்ப்புச் சொல்லுங்கள்: "10.20: மூன்று ஆண்கள், சேர்ந்து. 11.40: கறுத்த ஆண், தனியாக, மிகத் தாழ்வாக வந்தான், தலைக்கு மேல் இரண்டு சுற்று, மஞ்சள் கண். என்ன அழகு! 12.15: எஜீதியோ பார்க்கவில்லை, நான்தான் முதலில் பார்த்தேன்." அந்தப் பக்கத்தின் அடியில், "இன்று மட்டும் 312" என்று கோடு போட்டு எழுதியிருந்தது. மூன்று என்று படித்தபோது என் நெஞ்சு அடைத்தது, ஆனால் முன்னூற்றுப் பன்னிரண்டு என்று பார்த்ததும் உண்மையைச் சொல்வதானால் கொஞ்சம் மூச்சு வந்தது, ஏனென்றால் நடுவில் மத்தியானச் சாப்பாடு வேறு இருக்கிறதல்லவா. ஆனால் எஜீதியோ யார்?

மறுநாள் மச்சினன் முறையுள்ள தோமேனிக்கோவை அவனுடைய மூன்று சக்கர வண்டியை ஓட்டச் சொல்லி, அதில் எலுமிச்சைப் பெட்டிகளுக்கு நடுவில் உட்கார்ந்து அவள் பின்னாலேயே போனேன். அவள் மலை மேல், தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்துப் புல்வெளிக்குப் போனாள். அங்கே ஐந்தாறு பேர் மடக்கு நாற்காலி போட்டு, தொலைநோக்கியைக் கண்ணில் அழுத்திக்கொண்டு வானத்தைப் பார்த்து உட்கார்ந்திருந்தார்கள். பறவை எண்ணுகிறவர்கள். வருஷா வருஷம் வெளியூரிலிருந்து வந்து, எத்தனை பருந்து கடல் தாண்டியது என்று எண்ணி, எங்காவது துப்பாக்கிச் சத்தம் கேட்டால் வனக்காவலருக்குப் போன் செய்கிறவர்கள். என் துப்பாக்கி போனதும் இவர்களால்தான். அவர்கள் நடுவில் தாடி வைத்த ஒருவன், த்ரென்தோ பக்கத்து ஆள், எழுந்து நின்று என் மனைவிக்கு நாற்காலியைத் துடைத்துக் கொடுத்தான். அனுன்சியாத்தா பொட்டலத்தில் ஒன்றை அவனிடம் நீட்டி, "எஜீதியோ, சாப்பிடு, எலும்பா இருக்க" என்றாள். நான் எலுமிச்சைப் பெட்டிக்குப் பின்னால் இருந்தேன். எலுமிச்சை கண்ணில் பட்டால் கண்ணீர் வரும், அது வேறு விஷயம்.

அன்று மாலை மதுக்கடையில் சாந்தோ லகானா என்னைப் பிடித்தான். சாந்தோவைத் தங்களுக்குத் தெரியும், பள்ளிக்கூடத்தில் தங்கள் பெஞ்சில் உட்கார்ந்தவன், இன்னும் திருட்டுத்தனமாக வேட்டையாடுகிறான்.

"டேய் கொன்சோலா, ஊர் என்ன பேசுதுன்னு உனக்குத் தெரியுமா?"

"எனக்கு எதுக்கு ஊர்?"

"பதினாறு வருஷம்டா! பதினாறு வருஷமா நீ ஒண்ணுகூடச் சுடல. இப்ப பொண்டாட்டி தாடிக்காரன் பக்கத்துல உட்கார்ந்து வானத்தப் பாக்கறா. ரெண்டையும் கூட்டிப் பாரு. ஒரே ஒரு பருந்து சுடு, எல்லாம் சரியாப் போகும். நாளைக்கு என் பதுங்குமறைவுக்கு வா, துப்பாக்கி நான் தர்றேன்."

போயிருக்கக் கூடாது. போனேன். கஷ்டத்தில் இருக்கிற மனுஷனுக்கு யோசனை சொல்கிறவன் எவனோ அவன் பின்னால்தான் கால் போகிறது. சாந்தோவின் மறைவு புல்வெளிக்கு நேர் கீழே, சிமென்ட் சுவரும் தகரக் கூரையுமாக, முட்புதருக்குள் இருக்கிறது. காலை பத்து மணிக்கு நாங்கள் இருவரும் ஆளுக்கொரு துப்பாக்கியோடு உட்கார்ந்தோம். எதிர்க்காற்று. எதிர்க்காற்றில் பருந்துகள் உயரப் பறக்க முடியாமல் தரையோடு ஒட்டி வரும், சுடுகிறவனுக்குக் கொண்டாட்டம். அப்போது என் செல்போன் அடித்தது.

"எங்க இருக்க?" அனுன்சியாத்தா.

"காளான் பறிக்க வந்தேன்."

"மே மாசத்துலயா?"

"இந்த வருஷம் சீக்கிரம் வந்துடுச்சு."

"கொன்சோலாத்தோ, தகரக் கூரைக்குக் கீழ உன் வழுக்கைத் தலை பளபளன்னு தெரியுது. எஜீதியோவோட பெரிய தொலைநோக்கியில உன் மூக்குல இருக்கற மருவும் தெரியுது. துப்பாக்கியக் கீழ வை."

நான் சுற்றிலும் பார்ப்பதற்குள் அது வந்தது. கடல் பக்கத்திலிருந்து, எங்கள் புதருக்கு மேலே பத்து மீட்டர்கூட இருக்காது, இறக்கையை அடிக்கவும் தெம்பில்லாமல் வந்தது. தலை சாம்பல் நிறம், கண் மஞ்சள். மைத்துனரே, முப்பத்துநாலு வருஷம் மூன்று கிலோமீட்டர் கடலைத் தாண்டிவிட்டு வீட்டுக்கு வந்து, அப்பா என்ன களைப்பு, சூப் எங்கே என்று கத்தியவன் நான். எனக்காவது எஞ்சின் இருந்தது. இது துனிசிலிருந்து தண்ணீர் மேல் தன் சொந்த இறக்கையில் வந்திருக்கிறது, எங்கும் உட்காரவில்லை, வந்து சேர்ந்ததும் நாங்கள் இரண்டு கிழவர்கள் எங்கள் மானத்தைக் காப்பாற்றப் புதருக்குள் காத்திருக்கிறோம். எனக்கு வெட்கமாகப் போயிற்று. அதே நேரம் சாந்தோ குறி வைத்துவிட்டான். நான் அவன் துப்பாக்கிக் குழாயைக் கீழிருந்து மேலே தள்ளினேன். வெடித்தது. தகரக் கூரையில் ஓட்டை விழுந்தது, சாந்தோவின் தொப்பி பறந்தது, பருந்து ஒரு பக்கமாகச் சாய்ந்து, எங்கள் இருவரையும் பார்த்துவிட்டு, மலையைத் தாண்டிப் போயிற்று.

"பைத்தியக்காரா!" என்று சாந்தோ கத்தினான். "ஒனக்காகத்தானேடா வந்தேன்!"

"எனக்காகன்னா நான்தானே சுடணும், நீ எதுக்குச் சுட்ட?"

அவன் தொப்பியைத் தேடப் போய்விட்டான். கால் மணி நேரத்தில் வனக்காவலர்கள் வந்தார்கள். சாந்தோ மேல் வழக்கு, நான் சாட்சி. அன்றிலிருந்து மதுக்கடையில் யாரும் என்னோடு சீட்டு விளையாடுவதில்லை. நேற்று நான் உட்கார்ந்ததும், கேட்காமலேயே ஒரு தட்டு நத்தை கொண்டுவந்து வைத்தார்கள். நத்தைக்குக் கொம்பு உண்டு என்பதைத் தங்களுக்கு விளக்கத் தேவையில்லை. சாப்பிடாமல் வந்துவிட்டேன். வாசனை நன்றாகத்தான் இருந்தது.

வீட்டுக்கு வந்து அனுன்சியாத்தாவிடம், "உன்னாலதான் எல்லாம்" என்று ஆரம்பித்தேன். அவள் கையைத் துடைத்துக்கொண்டு எதிரில் உட்கார்ந்தாள்.

"இருபத்தெட்டுப் பருந்து கொண்டுவந்து இந்த மேசையில போட்ட. இருபத்தெட்டுக்கும் இறகு பிடுங்கினவ நான். ஒவ்வொண்ணும் எலும்பும் தோலுமா இருக்கும், கடல் தாண்டி வந்ததுல உடம்புல ஒண்ணும் மிச்சம் இருக்காது. நீ ஊரெல்லாம் காட்டிட்டு வருவ, என் பொண்டாட்டி ஒழுக்கமானவன்னு. ஒவ்வொரு வசந்தமும் என் ஒழுக்கத்த ஒரு பறவைகிட்ட கேட்டிருக்க, கொன்சோலாத்தோ. என்கிட்ட ஒரு தடவ கேட்டியா?"

"ஊர் வழக்கம்..."

"எனக்குக் கணக்குத் தீர்க்கணும். இருபத்தெட்டு செத்துச்சு. அதுக்குப் பதிலா எத்தனை உயிரோட போகுதுன்னு ஒண்ணு விடாம எண்ணப் போறேன். உன்கிட்ட சொல்லியிருந்தா நீ சாந்தோகிட்ட சொல்லியிருப்ப. அதான் கோவில்னு சொன்னேன்."

மைத்துனரே, அவள் பேச்சில் நியாயம் இருக்கிறது. ஆனால் இவ்வளவு நியாயமாக அவள் எங்கே பேசக் கற்றாள் என்று இரவெல்லாம் யோசித்ததில் எனக்கு மறுபடியும் சந்தேகம் வந்துவிட்டது. தாடி வைத்தவர்கள்தான் இப்படிப் பேசுவார்கள். ஆகவே தாங்கள் தாமதிக்காமல் அடுத்த ரயிலில் வந்து, அண்ணன் என்கிற உரிமையில் அவளுக்குப் புத்தி சொல்லி, பருந்துகள் போய் முடியும்வரை, அதாவது ஜூன் மாதம் வரையில், தூரினில் தங்களோடு வைத்துக்கொள்ளும்படி மிகத் தாழ்மையுடன் கேட்டுக்கொள்கிறேன். தூரினில் பருந்து இல்லை என்று நம்புகிறேன்.

ரோசால்பா அம்மையாருக்கு என் வணக்கமும், பேரப்பிள்ளைகளுக்கு ஆளுக்கொரு முத்தமும் உரித்தாகுக. மலை மாதா தங்கள் குடும்பத்தாரின் தலைகளை வழவழப்பாகவே வைத்துக் காப்பாராக.

தங்கள் அன்புள்ள, மிகுந்த மனவருத்தத்திலுள்ள,
கொன்சோலாத்தோ

பின்குறிப்பு (மே 24): இந்தக் கடிதத்தைத் தபாலில் போடாமல் ஐந்து நாள் சட்டைப்பையில் வைத்திருந்தேன், காரணம் நேரமில்லை. தாடிக்காரனைக் கண்காணிக்க மலைக்குப் போனேன். அனுன்சியாத்தா என் கையில் கட்டைவிரலால் அமுக்கி எண்ணுகிற ஒரு கருவியைத் திணித்து, "சும்மா நிக்காத, தெற்குப் பக்கம் நீ பாரு" என்றாள். எஜீதியோ நல்ல பையன், அவன் மனைவி ஒரு நாளைக்கு இரண்டு தடவை போன் செய்கிறாள், இரண்டு தடவையும் எழுந்து நின்று பேசுகிறான். ஆகவே மேலே எழுதியதில் கொம்பு, தாடி, அடுத்த ரயில் ஆகியவற்றைப் படிக்காததாகக் கொள்ளவும். வர வேண்டாம், வந்தால் வீடு பூட்டியிருக்கும். ஆனால் வேறொரு விஷயம். நேற்று எதிர்க்கரையில் மெசினாக்காரர்கள் எண்ணியது 1,204. எங்கள் பக்கம் வந்து சேர்ந்தது 1,187, நான் கண் இமைக்கவில்லை. நடுவில் இருப்பது மூன்று கிலோமீட்டர் கடல். பதினேழு எங்கே? காற்றில் விலகிப் போயிருக்கும் என்கிறாள் தங்கள் தங்கை. யாராவது சுட்டிருப்பார்களோ என்று நினைத்தால் எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. அல்லது மெசினாக்காரர்கள் ஒரே பருந்தை இரண்டு தடவை எண்ணுகிறார்கள், அவர்கள் அப்படிப்பட்டவர்கள்தான். ரோசால்பா அம்மையாரின் அக்கா மெசினாவில்தானே இருக்கிறார்? மெதுவாக விசாரிக்கச் சொல்லுங்கள். நான் கேட்டதாகத் தெரிய வேண்டாம்.