டவாலியின் இரண்டாவது தீர்ப்பு

உலகத்திலுள்ள நீதிமன்றங்கள் எல்லாம் ஒரு வழக்குக்கு ஒரு தீர்ப்புதான் சொல்லும். ராயபுரத்தில் எங்கள் தெருவில் மட்டும் இரண்டு கிடைக்கும். சட்டப்படி ஒன்று, நியாயப்படி ஒன்று. இரண்டையும் ஒரே மூச்சில், அப்பீலுக்கு இடம் வைக்காமல், டீக்கடை பெஞ்சிலிருந்து வழங்குபவர் டவாலி.

டவாலி என்பது அவர் பெயரல்ல, பார்த்த வேலை. மார்புக்குக் குறுக்கே சிவப்புப் பட்டை, அதில் பித்தளை வில்லை. நீதிபதிக்கு முன்னால் நடந்துபோய், கோர்ட் வாசலில் நின்று வழக்குக்காரர் பெயரை மூன்று முறை கூப்பிடுகிற வேலை. ஓய்வு பெற்றபின் வேலை போயிற்று, மூன்று முறை போகவில்லை. டீ வேண்டுமென்றால் மாஸ்டரை மூன்று முறை கூப்பிடுவார். முதல் கூப்பாட்டிலேயே மாஸ்டர் டீயை நீட்டிவிட்டாலும், மீதி இரண்டையும் கூப்பிட்டு முடித்த பிறகுதான் கிளாஸைக் கையில் வாங்குவார்.

ஒருமுறை எதிர்வீட்டுப் பூனை பக்கத்து வீட்டு வஞ்சிரத் தலையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டது. இரண்டு வீட்டுப் பெண்களும் தெருவில் இறங்கி, பூனையில் ஆரம்பித்து மாமியார்கள் வரை போய்விட்டார்கள். டவாலி விசாரித்தார். சட்டப்படி பூனை மேல் கேஸ் போட முடியாது, வளர்த்தவர்தான் மீனுக்குப் பொறுப்பு. நியாயப்படி, ஜன்னலைத் திறந்துபோட்டு அதன் ஓரத்தில் வஞ்சிரத்தை வைத்தது ஒரு வாயில்லா ஜீவனைக் கெடுத்த குற்றம். இரண்டு பெண்களும் சேர்ந்து டவாலியைத் திட்டினார்கள். அன்றிலிருந்து அவர்களுக்குள் சண்டை வரவில்லை.

அவருக்கு ஒரு சைக்கிள் உண்டு. விடிகாலையில் ஈ காக்கை இல்லாத சாலையிலும் சிவப்பு விளக்கைக் கண்டால் காலை ஊன்றி நின்றுவிடுவார். பின்னால் கன்டெய்னர் லாரிக்காரர் ஹாரன் அடித்து, யாருமே இல்லையே, போயேன் பெருசு என்று கெஞ்சுவார். "யாரும் இல்லாதப்போ நிக்கறதுக்குப் பேர்தான் நிக்கறது" என்பார் டவாலி.

இதே மனிதர்தான் ஒருநாள், பிரசவ வலியில் துடித்த பெண்ணோடு ஓர் ஆட்டோ சிவப்பில் தயங்கி நிற்பதைப் பார்த்து, நடுச்சாலையில் சைக்கிளைக் குறுக்கே போட்டு, வந்த வண்டிகளையெல்லாம் மறித்து ஆட்டோவை அனுப்பிவைத்தார். அது கூடப் பெரிதில்லை. நேராக டிராஃபிக் போலீஸ்காரரிடம் போய், தனக்கு ஃபைன் போடச் சொன்னார்.

"நல்லதுதானே பண்ண. போ பெருசு, பேஜார் பண்ணாத."

"நல்லது பண்ணது நாயம். சிக்னல மீற வெச்சது சட்டப்படி குத்தம். நாயத்துக்கு நான் கூலி கேக்கல. சட்டத்துக்கு நீ ஃபைன வுடாத."

சைக்கிளுக்கு எந்தப் பிரிவில் ஃபைன் போடுவது என்று அந்த மனிதருக்குத் தெரியவில்லை. டவாலி நகர்வதாகவும் இல்லை. கடைசியில் போலீஸ்காரர்தான் வேறு முனைக்கு இடம் மாறிப் போனார்.

நான் கொஞ்சம் புத்தகம் படிக்கிறவன். தீய சட்டமும் சட்டம்தானா, சட்டத்துக்கு அடியில் அறம் இருக்கிறதா அல்லது வெறும் அதிகாரம்தான் இருக்கிறதா என்று மேல்நாட்டு அறிஞர்கள் நூற்றாண்டுக்கணக்கில் விவாதித்திருப்பதை அவருக்கு எடுத்துச் சொன்னேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, "இன்னும் முடியலியா? எந்த கோர்ட்டு அது?" என்றார்.

2024 ஜூலை முதல் தேதி, பழைய தண்டனைச் சட்டம் போய்ப் புதியது வந்தது, பிரிவு எண்கள் எல்லாம் மாறின. அன்று டவாலி, சொந்தக்காரர்கள் அத்தனை பேரும் ஒரே நாளில் போன் நம்பரை மாற்றிக்கொண்டது போல உட்கார்ந்திருந்தார். போர்ட்வென்டி, அதாவது நானூற்றிருபது, என்றால் ஏமாற்றுக்காரன் என்று குழந்தைக்குக் கூடத் தெரியும், இனி ஒருவனைத் திட்டுவதற்குக் கூடப் புத்தகத்தைப் பிரிக்க வேண்டுமா என்று வருத்தப்பட்டார். டீ ஆறிய பிறகு அவரே தெளிந்தார். "நம்பர்தான் மாறிச்சு நைனா. ஏமாத்தறது அப்பிடியேதான் கீது."

அந்த வருஷக் கார்த்திகையில்தான் அவருடைய நீதிமன்றத்துக்கே சோதனை வந்தது.

எங்கள் தெருமுனை நடைபாதையில் செல்வி தள்ளுவண்டி போட்டு இட்லி விற்றுக்கொண்டிருந்தாள். கணவன் இல்லை, படிக்கிற பெண்கள் இருவரும் அந்த வண்டியை நம்பித்தான். டவாலிக்கும் காலை ஆகாரம் அங்கேதான். அதே தெருவில் பாஷா பாய். துறைமுகத்தில் கிரேன் ஓட்டியவர், டவாலியின் கேரம் கூட்டாளி. பக்கவாதம் வந்து தேறி, நான்கு கால் ஊன்றுகோலைத் தள்ளிக்கொண்டு மெல்ல நடக்கப் பழகியிருந்தார். செல்வியின் வண்டி வரை வருவார். அதைச் சுற்றிப் போகச் சாலையில் இறங்க வேண்டும். சாலையில் கன்டெய்னர் லாரிகள். ஒருநாள் ஒரு டிரெய்லரின் பின்சக்கரம் அவருடைய ஊன்றுகோலைத் தட்டிவிட்டுப் போனது. வண்டியை வேறு முனைக்கு நகர்த்தலாமென்றால் நடைபாதை தெரு முழுக்க அதே ஒடுக்கம்தான்.

பாய் வார்டு ஆபீசுக்குப் போகவில்லை. போனால் வண்டியையே தூக்கிக்கொண்டு போய்விடுவார்கள் என்று டவாலியிடம் வந்தார்.

ஞாயிறு காலை விசாரணை. டவாலி எழுந்து நின்று, கோர்ட் வராந்தா அதிர்கிற குரலில் செல்வியை மூன்று முறை கூப்பிட்டார். அவள் அவருக்கு எதிரிலேயே கரண்டியும் கையுமாக நின்றிருந்தாள்.

"இங்கதானே கீறேன். இன்னாத்துக்குக் கத்தற?"

டவாலி இருவரையும் கேட்டார். பிறகு சொன்னார்: நடைபாதை நடக்கிறவனுக்கு. சட்டப்படி வண்டி எடுக்கப்பட வேண்டும்.

தெருவே கொதித்தது. டீ மாஸ்டர் பாயிலரை விட்டு வெளியே வந்தார். "தெனம் அவ கையால துன்னுட்டு, அவ வவுத்துலயே அடிக்கிறியே நைனா." செல்வி கரண்டியைக் கீழே வைத்தாள். இட்லிப் பானையை மூடினாள். அவள் பானையை அவ்வளவு சீக்கிரம் மூடி நாங்கள் பார்த்ததில்லை.

பாய் தாங்கமாட்டாமல், தான் வீட்டிலேயே கிடந்துகொள்வதாகவும் கேஸை வாபஸ் வாங்குவதாகவும் சொன்னார். டவாலி அதை ஏற்கவில்லை. எல்லோரும் இரண்டாவது தீர்ப்புக்குக் காத்திருந்தோம். டவாலி துண்டை உதறித் தோளில் போட்டார்.

"ஒத்தி வெக்கறேன்" என்று சொல்லிவிட்டு வீட்டுக்குப் போய்விட்டார். அவர் சரித்திரத்தில் முதல் வாய்தா.

மறுநாள் காலை அவர் வீட்டு வாசலில் கட்டில் வெளியே கிடந்தது. எங்கள் பக்கத்தில் தனியாக இருக்கும் கிழவரின் கட்டில் தெருவுக்கு வந்தால் அதற்கு ஒரே அர்த்தம்தான். பூனை வீட்டம்மா ஒப்பாரியைத் தொடங்கினார். மாஸ்டர் கடையைச் சாத்தினார். மாலைக்கு ஆள் போயாயிற்று. ஓசூரிலிருக்கும் மகளுக்கு யார் சொல்வது என்று பேச்சு நடந்தது. முதல்நாள் திட்டியவர்களெல்லாம், அவர் மனசு உடைந்துதான் போய்விட்டார் என்று மூக்கைச் சிந்தினார்கள். செல்வி வண்டியைப் போட்டது போட்டபடி ஓடிவந்தாள்.

அப்போது உள்ளேயிருந்து ஒரு மர அலமாரி மெதுவாக நகர்ந்து வெளியே வந்தது. அதற்குப் பின்னால், பனியனோடு, வியர்த்து வழிந்தபடி டவாலி.

"இன்னா கூட்டம்? ஒரு கை குடுங்களேன்."

அழுதுகொண்டிருந்தவர்களுக்கு நிறுத்துவதா தொடர்வதா என்று தெரியவில்லை. மாலை வேறு வந்து சேர்ந்தது.

தெருவைப் பார்த்த முன்னறை காலியாகிவிட்டிருந்தது. அவர் படுப்பது, பேப்பர் படிப்பது, பழைய பட்டையை ஆணியில் மாட்டிவைத்து அழகு பார்ப்பது எல்லாம் அந்த அறையில்தான். இனி உள்ளே சமையலறையை ஒட்டிய பொந்து போதும் என்றார். படியேறி நின்று, சேர்ந்திருந்த கூட்டத்தை வீணாக்காமல் இரண்டாவது தீர்ப்பைச் சொன்னார்.

"அடுப்ப உள்ள கொண்டா செல்வி. சட்டத்த யார் மேல வேணாலும் போடலாம். நாயத்த நம்ம மேல மட்டுந்தான் போட்டுக்கணும். நேத்து அதத்தான் தேடிகினு இருந்தேன், யார் மேல போடறதுன்னு."

"அப்போ வாடகை?" என்றாள் அவள், கண்ணைத் துடைத்துக்கொண்டே.

"மொதல்ல லைசன்சு."

உணவுக்கடை அனுமதிக்கு அவரே அவளோடு போய் வரிசையில் நின்றார். அது வருகிற வரை ஓர் இட்லி கூட விற்க விடவில்லை. கடை திறந்த பின், இலவசமாக ஒரு கரண்டி சட்னி கூட வாங்கமாட்டார். தீர்ப்புச் சொன்னவன் வாங்கினால் லஞ்சமாம்.

இப்போது நடைபாதை காலி. பாய் ஊன்றுகோலைத் தள்ளிக்கொண்டு, எங்கும் சாலையில் இறங்காமல், நேராக அந்த முன்னறைக்கு வந்து உட்காருகிறார். உள்ளே டவாலியின் பாடுதான் திண்டாட்டம். பொழுது விடியுமுன் ஆவி. மிளகாய் வறுத்தால் நெடி. துணி, தலையணை, மனிதர் எல்லாம் சாம்பார் வாசனை. தினமும் ஒருமுறை வெளியே வந்து, தன் பெயரையே மூன்று முறை கூப்பிட்டு, தன் வழக்கைத் தானே விசாரிக்கிறார். சட்டப்படி இது தாங்க முடியாத தொல்லை. நியாயப்படி வாயை மூடிக்கொண்டு உள்ளே போ. போய்விடுகிறார்.

என் வீடு தெருவின் மறுகோடியில். வீட்டிலும் இட்லி உண்டு, நன்றாகவே இருக்கும். ஆனாலும் காலையில் கால் அங்கேதான் போகிறது. கட்டில் வெளியே கிடந்த அந்தக் காலைக்குப் பிறகு, தட்டு வந்தாலும் கொஞ்ச நேரம் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். மிளகாய் நெடி ஏறி, உள்ளேயிருந்து அவர் ஒரு தும்மல் போட்ட பிறகுதான் எனக்கு முதல் விள்ளல் இறங்குகிறது.