எட்டு அட்டையிலும் இக்கெமசேன்

அன்புள்ள ஆகில் மச்சானுக்கு, சலாலாவிலிருந்து லுக்மான் எழுதுவது. அஸ்ஸலாமு அலைக்கும். நானும் உங்கள் தங்கை ஜுலைஹாவும் இறைவன் அருளால் நலம். மாமியின் முட்டிவலி இறங்கியிருக்கும் என்று நம்புகிறேன்.

வீடியோ கடையை மூடிவிட்டு மளிகை போடச் சொல்லி எழுதியிருந்தீர்கள். மச்சான், கடை பிழைத்துவிட்டது! ஜப்பான் கப்பல்காரர் ஒருவர் ஊர் திரும்பும் அவசரத்தில் எட்டு டிவிடியை என்னிடம் கொடுத்தார். அட்டையில் நடிகர்கள் வேறு வேறு, ஆனால் எட்டிலும் அடியில் ஒரே எழுத்து. விரல் வைத்து, "இது யாரு?" என்றேன். மனிதர் பதறிக் கையை ஆட்டி, "இக்கெமசேன்! இக்கெமசேன்!" என்றார். பெயரைச் சொல்லும்போதே என்ன மரியாதை! நடிகர் மாறியும் பெயர் மாறவில்லை என்றால் அவர் கதை வசனகர்த்தாதானே?

மனிதர் எழுதாதது இல்லை மச்சான். ஒன்றில் வாள் சண்டை, அடுத்ததில் பேய், அதற்கடுத்து மாமியார் மருமகள் அழுகை, பிறகு படம் முழுக்க வழுக்கி விழும் சமையல்காரன். பேச்சு ஒன்றும் புரியாது, ஆனாலும் தொழிலாளர் கேம்ப்பே என் கடையில்தான் கிடக்கிறது. வெல்டர் மாயாண்டி வந்து, "பாய், நேத்து பேய விட்டுத் தூங்க விடல, இன்னிக்கு மாமியார விட்டு அழ வெச்சுட்டான். அத்தனையும் ஒரே ஆளா? அடுத்தத எடுங்க, யல்லா!" என்கிறான். ஜுலைஹா மட்டும், "நல்லா விசாரிச்சீங்களா? பழைய ராஜா பேரு மாதிரியில்ல இருக்கு?" என்கிறாள். அவளுக்குக் கலை தெரியாது.

எனக்குச் சந்தோஷத்தில் கால் தரையில் பாவவில்லை. பெயின்டரைப் பிடித்து, அட்டையில் உள்ள எழுத்தை அப்படியே கடை வாசல் பலகையில் ஆளுயரத்துக்கு எழுத வைத்துவிட்டேன். நாளை பலகைத் திறப்பு. கிரேன் ரிப்பேருக்கு வந்திருக்கும் ஜப்பான் என்ஜினியர் தலைமை. ஆகவே மளிகைப் பேச்சு கலாஸ்!

மாமிக்கும் பிள்ளைகளுக்கும் என் சலாம். உங்கள் வீட்டில் பரக்கத் நிறைய துஆச் செய்யும்,
லுக்மான்

பி.கு.: கடிதத்தைத் தபாலில் போடுவதற்குள் திறப்பு முடிந்துவிட்டது. என்ஜினியர் பலகையை வாசித்துவிட்டுப் படியிலேயே உட்கார்ந்து சிரித்தார். 'வாடகைக்கு விடக் கூடாது' என்று எழுதியிருக்கிறதாம். 'இக்கெமசேன்' என்றால் 'கூடாது' என்று அர்த்தமாம். எட்டுப் படத்தையும் எழுதியது எட்டுப் பேராம். ஜுலைஹா இன்னும் சிரிப்பை நிறுத்தவில்லை. மளிகைக்குச் சம்மதம் மச்சான், என்னென்ன சாமான் பிடிக்கலாம் என்று உடனே எழுதுங்கள். மாயாண்டியிடம் மட்டும் சொல்ல வாய் வரவில்லை. ஊரில் பிறந்த தன் மகனுக்கு 'இக்கெமசேன்' என்றே பெயர் வைக்கச் சொல்லிவிட்டதாகக் கூறி இப்போதுதான் அல்வா கொடுத்துவிட்டுப் போகிறான்.