வடக்கே உருண்ட எலுமிச்சம்பழம்

ஹைகோர்ட்டுக்கு எப்படிப் போவது? அறுபத்தெட்டில் கொருக்குப்பேட்டையில் கேட்டிருந்தால், ரயில்வே கேட்டைத் தாண்டி ரிட் மனு போடலாமா என்று குறி சொல்லும் ரிட்டு சாமியார் கொட்டகைக்குக் கை காட்டியிருப்பார்கள். சர்க்கார் லைசென்ஸ் மறுத்த அத்தனை பேரும் அங்கேதான். டீக்கடை, லாரி பர்மிட், டூரிங் டாக்கீஸ், குதிரைவண்டி. குதிரை மட்டும் வரவில்லை. அதற்குக் கொஞ்சம் புத்தி உண்டு.

சாமியார் முன்னால் ஒரு பலகை, அதன்மேல் காவித்துணி, நடுவே எலுமிச்சம்பழம். கோர்ட் இருக்கும் தெற்குப் பக்கம் பழம் உருண்டால் கேஸ் போடலாம், ஜெயம். வடக்கே உருண்டால் போடவே கூடாது. பரிகாரம் செய்துவிட்டு மறுபடி வரவேண்டும். பக்தனிடம் காசு இருக்கும்வரை பழம் வடக்கேதான் உருளும்.

விறகுத்தொட்டி ஸ்டானிஸ்லாஸ் மாதா கோயிலில் மெழுகுவத்தி ஏற்றிய கையோடு வந்திருந்தார். திருவொற்றியூரில் அவர் விறகு விற்கும் தொட்டிக்கு லைசென்ஸ் புதுப்பிக்கப்படாது என்று ஒற்றை வரியில் உத்தரவு. நாளை அதை வேறொருவருக்குக் கொடுக்கப்போகிறார்கள். இன்றே மனுவில் கையெழுத்துப் போட்டால் ஸ்டே வாங்கலாம் என்று வக்கீல் தலையில் அடித்துக்கொண்டார். இவரோ பழத்தின் உத்தரவுக்குக் காத்திருந்தார். பிழைப்பு போய்விடுமே என்ற பயத்தில் மனைவி வியாகுலம்மாளும் கூடவே வந்துவிட்டாள்.

மூன்றாவது தடவையாகப் பழம் வடக்கே உருண்டது.

"சனி கோர்ட்டு வாசல்ல குந்திகினு கீறான். இன்னொரு பரிகாரம் பண்ணு" என்றார் சாமியார்.

வியாகுலம்மாள் பக்கத்திலிருந்த செம்பை எடுத்துப் பலகையில் கவிழ்த்தாள். தண்ணீரும் வடக்கே ஓடியது.

"இன்னா சாமி, தண்ணிக்கும் அருள் வந்துட்ச்சா?"

வரிசையில் நின்ற சோடாக்கடை காஜா மொய்தீனுக்கு உற்சாகம் தாங்கவில்லை. காலி பாட்டிலைப் படுக்கவைத்தார். அதுவும் கடகடவென்று வடக்கே போனது.

"பாட்டிலும் கேஸ் போட வேணாங்குது, மாமு."

கொட்டகையே சிரித்தது. வியாகுலம்மாள் நனைந்த துணியைத் தூக்கினாள். பலகையின் தெற்கு ஓரத்தைச் சுமந்தபடி இருந்தது சாமியாரின் கால் கட்டைவிரல். அதுதான் அருள்!

சாமியார் எடுத்தார் ஓட்டம். எந்தத் திசையில் என்கிறீர்களா? போலீஸ் ஸ்டேஷன் இல்லாத திசையில்.

ஸ்டானிஸ்லாஸ் மனைவியோடு வக்கீல் வீட்டுக்கு ஓடினார். "காரணம் சொல்லாமல் மறுத்த உத்தரவு செல்லாது" என்று வக்கீல் மனுவைப் படித்ததும் ஸ்டானிஸ்லாசுக்கு வீரம் பொங்கியது.

"கரெக்டு சார். காரணம் சொல்லாம எவன் சொன்னாலும் நான் ஒத்துக்கமாட்டேன்."

"பழம் சொன்னா மட்டும் மூணு தபா ஒத்துக்குவியா?" என்றாள் வியாகுலம்மாள்.

அவர் மனுவை வாங்கிக் கையெழுத்துப் போட்டார். மறுநாள் காலையில் ஸ்டே கிடைத்தது.

சர்க்காரையே காரணம் கேட்கத் துணிந்த பெருமக்களே, சாமியாரையும் ஒரு தடவை கேட்டுப்பாருங்கள். அதற்கு வக்கீல்கூட வேண்டியதில்லை.