மத்தியானத்தில் மறையும் மனைவி

எத்தனையோ பேருடைய நிலத்தை அளந்து கொடுத்தவன் நான். என்னிடமிருந்து ஒரு அடி மண்ணை எவனும் மறைத்ததில்லை. அப்படிப்பட்ட சர்வேயரால் சொந்த வீட்டுக்குள் சொந்த மனைவியைக் கண்டுபிடிக்க முடியவில்லை என்றால் வெளியே தலைகாட்ட முடியுமா? இன்றைக்கு இதற்கு ஒரு முடிவு கட்டிவிடுவது என்று பல் தேய்க்கும்போதே தீர்மானித்துவிட்டேன்.

விஷயம் இதுதான். வேலையிலிருந்து ஓய்வு பெற்று வீட்டோடு வந்துவிட்டேன். மகள் கல்யாணமாகிப் போய்விட்டாள். மிச்சம் நானும் மனைவியும்தான். மத்தியானச் சாப்பாடு முடியும். பாத்திரம் கழுவுகிற சத்தம் கேட்கும். சத்தம் நின்றதும் ஆளைக் காணோம்! சமையலறையில் இல்லை, மொட்டைமாடியில் இல்லை, வாசலில் செருப்பு மட்டும் அப்படியே கிடக்கும். சாயங்காலம் காபி டம்ளரோடு எங்கிருந்தோ முளைப்பாள்.

"எங்க போயிருந்தே?"

"எங்க போவேன்? வீட்லதான் இருந்தேன்."

"நான் பார்க்கலியே?"

"நீங்க என்னிக்குத்தான் என்னைப் பார்த்தீங்க?"

அவள் இல்லாத அந்த மத்தியானங்கள் இருக்கின்றனவே, அப்பப்பா! ஃபேன் சுற்றும், நான் அதைப் பார்ப்பேன். தப்பான நம்பருக்குப் போன் போட்டவனைக்கூட வைக்க விடாமல் பிடித்து வைத்துக் குடும்பக் கதை கேட்டிருக்கிறேன். பேச ஆளில்லாமல் நான் செத்துக்கொண்டிருந்தேன், அதுதான் உண்மை.

அப்போதுதான் பழைய சாமான் கடைக்காரர் ஒரு கருவியைக் காட்டினார். மூன்று கால், ஒரு பித்தளைக் குழாய், அடியில் ஒரு பலகை, பலகை மேல் தானாகக் கோடு போடும் பென்சில்.

"சார், இது இடத்தை மட்டும் அளக்காது, நேரத்தையும் அளக்கும். ஒளிஞ்சிருக்கிற இடத்தையும் காட்டும்."

"நீ ரொம்ப அளக்காதய்யா" என்றேன். ஆனாலும் என் பழைய அளவுச் சங்கிலியைக் கொடுத்துவிட்டு அதைத் தூக்கிக்கொண்டு வந்தேன்.

ஹாலில் நிறுத்திக் குழாயைத் திருப்பினேன். பென்சில் பரபரவென்று ஓடியது. நேரம் விறுவிறுவென்று ஓடிய இடமெல்லாம் மேடு, நகராமல் நின்ற இடமெல்லாம் பள்ளம். சமையலறை ஒரு பெரிய குன்று. என் சாய்வு நாற்காலி வரும் இடத்தில் பென்சில் சுற்றிச் சுற்றிப் பள்ளம் போட்டதில் காகிதமே கிழிந்துவிட்டது. அதைப் பார்த்ததும் எனக்கு என்னவோ போலாகிவிட்டது. இவ்வளவு ஆழத்திலா நான் தினமும் உட்கார்ந்திருக்கிறேன்?

அடுத்து படுக்கையறை. பீரோவுக்கும் சுவருக்கும் நடுவே ஒரு பூனைகூட நுழையாது. பென்சில் அங்கே ஜன்னலோடு ஒரு முழு அறையை வரைந்து வைத்தது. அகப்பட்டாயா, என்று குதித்தேன்.

மத்தியானம் பாத்திரச் சத்தம் நின்றது. கதவு மறைவிலிருந்து குழாய் வழியாகப் பார்த்தேன். மனைவி வந்தாள், பீரோ ஓரமாக நின்றாள், கூட்டமான பஸ்ஸில் ஏறுகிற மாதிரி ஒரு தோளைக் கொடுத்தாள். அவ்வளவுதான், ஆள் இல்லை! நானும் ஓடிப்போய்த் தோளைக் கொடுத்தேன். தோள் போய்விட்டது, தொந்திதான் வரமாட்டேன் என்றது. மூச்சை எக்கிக்கொண்டு ஒருவழியாக உள்ளே விழுந்தேன்.

அங்கே காலை வெயில் அடித்தது. ஒரே ஒரு நாற்காலி. ஜன்னல் விளிம்பில் காலை நீட்டிக்கொண்டு மனைவி.

"வந்தாச்சா? இன்னும் கொஞ்ச நாள் ஆகும்னு நினைச்சேன்."

"இது என்ன இடம்?"

"யாருக்குத் தெரியும்? கம்மல் திருகாணியைத் தேடறப்ப கிடைச்சது. இங்க எவ்வளவு நேரம் இருந்தாலும் காலைதான்."

"இங்க என்ன பண்றே?"

"ஒண்ணும் பண்றதில்லை. அதுக்குத்தான் வர்றேன்."

நானும் உன்னோடு கொஞ்ச நேரம் உட்காரட்டுமா என்று கேட்கத்தான் வந்தேன். நாக்கு நுனி வரைக்கும் வந்துவிட்டது. ஆனால் நேரடியாகக் கேட்டால் என் கெத்து என்னாவது? ஒரு திட்டம் போட்டேன். முதலில் முழு அறையும் எனக்கு என்பேன். அவள் சண்டைக்கு வருவாள், கெஞ்சுவாள். நான் பெரிய மனசு பண்ணிப் பாதியை விட்டுக்கொடுப்பேன். இன்னொரு நாற்காலி போட்டு ஆளுக்குப் பாதியில் எதிரெதிரே உட்கார்ந்து பேசலாம்.

"பத்திரம் இருக்கா?" என்றேன்.

"என்னது?"

"இந்த இடம் வீட்டு பிளான்ல இல்ல. அளந்து படத்துல ஏத்தினவன் நான். அதனால இது என் அறை!"

என்னை ஒரு நிமிஷம் உற்றுப் பார்த்தாள். எழுந்தாள்.

"சரி, எடுத்துக்கோங்க."

"என்ன, சண்டை போடலியா?"

"எதுக்கு? நாற்காலியும் உங்களுதுதான், உக்காருங்க. அப்ப உங்க எல்லை பீரோவோட முடியுது, இல்லையா?"

"ஆமா."

"பீரோவுக்கு அந்தப் பக்கம்?"

தொழில் வாய், கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லியே பழக்கம். "அது உன்னுது" என்றேன்.

"பேச்சு மாற மாட்டீங்களே?"

"சர்வேயர் போட்ட கோடு போட்டதுதான்!"

தோளைக் கொடுத்தாள், போய்விட்டாள். வாழ்க்கையில் முதன்முறையாக அவளிடம் ஜெயித்திருக்கிறேன். நாற்காலியில் கால்மேல் கால் போட்டு உட்கார்ந்தேன். வெயில் இதமாகத்தான் இருந்தது. ஆனால் ஜெயித்ததை யாரிடம் சொல்வது? "இந்தா, கேக்குதா? நீயும் வேணா வந்து உக்காரு" என்று கூப்பிட்டுப் பார்த்தேன். வருகிறாளா என்று பீரோப் பக்கம் காதை வைத்தேன். ஹாலில் அவள் குரல் கணீரென்று கேட்டது. பக்கத்து வீட்டு அம்மாவைத்தான் கூப்பிட்டுக்கொண்டிருந்தாள்.

"வாங்கக்கா, தாராளமா உக்காந்து பேசலாம்! அவர் ரிட்டையர் ஆனதிலேர்ந்து நான்தான் ஒளிஞ்சுக்கிட்டிருந்தேன், இன்னிக்கு அவரே ஒளிஞ்சுக்கிட்டாரு!"