ஏழாயிரம் கைகளும் ஒரு ஜோடிக் கண்ணும்

அன்பு மச்சான் யோஸ்டுக்கு,

இங்கே நானும் உன் அக்கா வெரேனாவும் ஆடுகள் இரண்டும் நலம். சூரிச்சில் நீயும் உன் கம்பெனியும் நலமா என்று கேட்பதுதான் முறை. ஆனால் நேற்று நடந்ததற்குப் பிறகு கம்பெனியை விசாரிக்க எனக்குச் சிரிப்பாக இருக்கிறது. நாங்கள் ஜெயித்துவிட்டோம்!

உன் கம்பெனி சோதனைக்குப் பறக்கவிட்ட கேமராவுக்குக் கீழேதான் எல்லாம் நடந்தது என்றாலும் நீ பார்த்தது வெறும் உச்சந்தலைகளை. முகங்களைப் பார்த்தவன் நான். வருடத்துக்கு ஒருமுறை ஊர் கூடி வாக்களிக்கும் மக்கள் சபைக்காகச் சதுக்கத்தில் ஏழாயிரம் பேர். தூக்கிய வாக்கு அட்டைகளைத் தலைவர் மேடையிலிருந்து கண்ணாலேயே அளந்து முடிவு சொல்வது முப்பாட்டன் காலத்து வழக்கம். இனி அந்த வேலையை அட்டைகளை எண்ணும் உன் கேமரா இயந்திரத்திடம் விடலாமா என்பதுதான் கேள்வி. இந்த வருடத் தலைவி உன் அக்கா. அவள் மனசு இயந்திரத்தின் பக்கம். காலையில் அதை வைத்தே வீட்டில் பெரிய ரகளை. சபைக்குப் போகும் ஊர்வலத்துக்கு நேரமாகிவிட, மேஜையில் கைக்கு அகப்பட்டதை ஆளுக்கொன்றாக அள்ளிக்கொண்டு முகத்தைத் திருப்பியபடி கிளம்பினோம்.

என் முறை வந்ததும் மேடை ஏறிக் கண்ணாடியை மாட்டினேன். எழுதிக்கொண்டுபோன பேச்சில் ஓர் எழுத்துகூடத் தெரியவில்லை. உணர்ச்சிவசப்பட்டதில் கண் கலங்கிவிட்டது, மச்சான். முப்பது வருடம் மலையில் கம்பிவட வண்டி ஓட்டியபோதுகூட நான் கலங்கியதில்லை. தாளைப் பைக்குள் திணித்துவிட்டு மனசிலிருந்து பேசினேன்.

"மதிப்புக்குரிய தலைவி அவர்களே! நீங்க தப்பா எண்ணினா, நாளைக்கு ரொட்டிக்கடையில நிறுத்தி வெச்சு சண்டை போடலாம். மிஷின் தப்பா எண்ணினா நாங்க யாருகிட்டப் போய் சண்டை போடுறது? தப்புக்குப் பதில் சொல்ல ஒரு ஆள் வேணும். அதுக்குப் பேருதான் ஜனநாயகம்."

கூட்டத்திலிருந்து தச்சன் மெல்க்கியோர், "வீட்டுல போட்டது பத்தலையா, பால்ட்ஸ்?" என்றான். சதுக்கமே குலுங்கியது.

பிறகு வாக்கெடுப்பு. இரண்டு பக்கமும் மஞ்சள் அட்டைக் காடு. உன் அக்கா ஒரு முறை பார்த்தாள், மறுமுறை பார்த்தாள், கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மூன்றாம் முறையும் பார்த்தாள். கடைசியில் இயந்திரம் வேண்டாம் என்பவர்களே அதிகம் என்று அறிவித்தாள். தன் ஆசைக்கு எதிராகவே! அந்த நேர்மை உன் கேமராவுக்கு வருமா? உன் ஆள் ஏதோ ஓர் எண்ணைக் காட்டிக்கொண்டு மேடைக்கு ஓடிவந்தான். தலைவி சொன்னால் அதற்கு மேல்முறையீடு கிடையாது என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். அந்த எண்ணை நீயே ஊறுகாய் போட்டுக்கொள். பெருமை தாங்காமல் நான் மூன்று கன்றுக்கறி சாசேஜ் சாப்பிட்டேன்.

தோற்றதற்காக மனம் தளராதே. பிள்ளைகளுக்கு என் முத்தங்கள், இயந்திரத்துக்கு என் அனுதாபங்கள்.

வெற்றிக் களிப்புடன்,
உன் அத்தான் பால்ட்ஸ்

பி.கு: எழுதியதை ஒருமுறை படித்துப் பார்க்கலாமே என்று கோட்டுப்பையிலிருந்த கண்ணாடியை மாட்டினேன். மறுபடி அதே கண்கலக்கம். கழற்றிப் பார்த்தால் அது உன் அக்கா தூரத்தில் இருப்பதைப் பார்க்கப் போடும் கண்ணாடி. தள்ளுபடியில் ஒரே மாதிரி இரண்டு வாங்கியது என் புத்தி. நான் படிக்கும் கண்ணாடி அவள் கைப்பையில் இருக்கிறது. மேடையிலிருந்து என்னதான் தெரிந்தது என்று கேட்டேன். "எல்லாம் மஞ்சளாத் தெரிஞ்சுது. சத்தம் எந்தப் பக்கம் பெருசா கேட்டுச்சோ, அந்தப் பக்கம்னு சொல்லிட்டேன்" என்கிறாள். மச்சான், உன் ஆள் காட்டிய அந்த எண் எவ்வளவு? எனக்கு மட்டும் எழுது. இன்று ரொட்டி வாங்கவும் நான்தான் போக வேண்டுமாம். "பதில் சொல்ல ஒரு ஆள் வேணும்னு கேட்டீங்களே, நீங்களே போய் நில்லுங்க" என்று பையைக் கையில் கொடுத்துவிட்டாள்.